ஆறை ஒன்பதாக்கும் விவகாரம்

காணாமற்போனோர் பதிவு அலுவலகத்தில் அவளை எல்லோரும் "ஒப்பந்தம்" என்றுதான் கூப்பிட்டார்கள். பதினோரு மாத ஒப்பந்தத்தில் வேலைக்கு வந்த புரோகிராமர் என்பதால் அந்தப் பெயர். "ஒப்பந்தம், பிரிண்டர் சிக்கிக்கிச்சு", "ஒப்பந்தம் இன்னிக்கு லீவா?" என்பார்கள். முதலில் கோபம் வந்தது. பிறகு திரும்பிப் பார்க்கப் பழகிவிட்டாள்.

அவளுடைய உண்மையான வேலை ஒன்றே ஒன்று. காணவில்லை அறிவிப்புகளைப் பழைய சிஸ்டத்திலிருந்து புதிய இணையதளத்துக்கு மாற்றியிருந்தார்கள். அந்த அறிவிப்புகள் எல்லாப் பேருந்து நிலையங்களிலும் பெரிய திரைகளில் ஓடும். அவற்றை ஊழியர்கள் எழுதவும் திருத்தவும் ஓர் எழுதுபெட்டி வேண்டும். தடித்த எழுத்து, சாய்ந்த எழுத்து, அடிக்கோடு எல்லாம் போடும்படியான ஒரு தயார்நிலை எடிட்டரை அலுவலகம் வாங்கி வைத்திருந்தது. அதைப் பக்கத்தில் பொருத்த வேண்டும். தெரிந்தவர்களுக்கு அது ஒரு மத்தியான வேலை.

ஆனால் அங்கே விதி ஏழு இருந்தது. எப்போதோ ஒரு கிளை அலுவலகத்தில், யாரோ ஒரு ஊழியரின் பிரவுசரில் ஏதோ ஓடி, ஒரு பெரிய மனிதரின் படம் தலைகீழாக வந்துவிட்டதாம். அன்றிலிருந்து எந்தப் பக்கமும், பக்கத்தின் எந்தத் துண்டும், தலைமை சர்வரிலேயே முழுதாகத் தயாராகி, முடிந்த பொருளாகத்தான் வெளியே போக வேண்டும். பார்ப்பவரின் பிரவுசரில் எதுவும் ஓடக்கூடாது. பார்ப்பவர் பார்க்கலாம். அதற்கு மேல் அவருக்கு உரிமையில்லை.

படிப்பதற்கு இது குறையில்லாத ஏற்பாடு. எழுதத்தான் வழியில்லை. எடிட்டர் என்பது பிரவுசரில் மட்டுமே உயிர் பெறுகிற சாமான். கர்சர் துடிக்க ஒரு திரை வேண்டும், தட்ட ஒரு விரல் வேண்டும். சர்வருக்கு இரண்டும் இல்லை. புரோகிராமர் பாஷையில் அந்தத் திரைக்கு விண்டோ என்று பெயர். அங்கே வைத்து எழுப்பினால், "விண்டோ என்று எதுவும் இல்லை" என்று சிவப்பில் ஒரு வரியைக் கக்கிவிட்டு எடிட்டர் சுருண்டு விழுந்தது. இதற்கு மருந்து ஒரே வரிதான். எழுதுபெட்டியைத் தனிக் கோப்பில் எடுத்து வைத்து, அதன் தலையில் "இது பிரவுசரில் ஓடும்" என்று அறிவித்துவிட வேண்டும். உலகத்தில் எல்லோரும் அப்படித்தான் செய்கிறார்கள். விதி ஏழின்படி அந்த வரி குற்றம்.

ஆகவே புதிய தளத்தில் எழுதுபெட்டி இருந்தது, ஆனால் படமாக இருந்தது. தடித்த எழுத்துக்கான பொத்தான்கூட அழகாகத் தெரிந்தது. அமுக்கினால் அமுங்காது. ஏட்டுச் சுரைக்காய்.

இந்த நிலையில்தான் தையல்கடை அக்கா வந்தார்.

அவருடைய தம்பிக்கு நாற்பத்திரண்டு வயது. ஒரு விபத்தில் தலையில் அடிபட்டதிலிருந்து பேச்சு வராது. மற்றபடி எல்லா வேலையும் செய்வார். பன்னிரண்டு நாள் முன்பு ஒரு சட்டைக்குப் பித்தான் வாங்கிவர அக்கா அனுப்பினார். போனவர் திரும்பவில்லை. அன்றைக்கே வந்து பதிவு செய்துவிட்டுப் போனார் அக்கா. அது பழைய சிஸ்டத்தின் கடைசி நாள்.

"ஏம்மா, திரையில ஓடற நம்பர் என்னுதில்ல," என்றார் அக்கா. "கடைசி எண் ஒன்பது. ஆறுன்னு போட்டிருக்கு. பன்னெண்டு நாளா ஒரு போன்கூட வரலயேன்னு நான் போனையே மாத்திட்டேன். இன்னிக்கு பஸ் ஸ்டாண்டுல நின்னு படிச்சப்பத்தான் தெரிஞ்சுது."

கவுண்டரில் இருந்த எழுத்தருக்கு "முத்திரை" என்று பெயர். கையில் கிடைத்த காகிதத்திலெல்லாம் முத்திரை குத்துவார். ஒருமுறை தன் மகள் தேர்வு அட்டையில் குத்திவிட்டார். அக்காவின் அறிவிப்பைத் தட்டச்சு செய்தவரும் அவரே. அவர் நிமிராமல் சொன்னார்: "திருத்தணும்னா பெட்டி திறக்கணும். பெட்டி ஒப்பந்தம் கையில."

"அப்ப புதுசா ஒண்ணு பதிஞ்சிடுங்க."

"ஒரு ஆள் ஒரே சமயத்துல ரெண்டு தடவ காணாம போக முடியாதும்மா. சிஸ்டம் ஏத்துக்காது."

ஒப்பந்தம் அக்காவை நாற்காலியில் உட்காரவைத்துவிட்டு மாடிக்கு ஓடினாள். மையச் சீர்மைப் பிரிவின் இயக்குநர் மேசையில் ஒன்றுமில்லாமல் உட்கார்ந்திருந்தார். மேசை காலியாக இருப்பது நிர்வாகத் திறமையின் அடையாளம் என்பது அவர் கொள்கை. அந்த ஒரு வரியைப் போட அவள் அனுமதி கேட்டாள். அவர் கேட்க விரும்பியது பிழைச் செய்தியை.

"விண்டோ இல்லன்னு சொல்லுதா?"

"ஆமா சார். அது பிரவுசர்ல இருக்கற..."

"சர்வர் ரூம்ல ஜன்னல் இருக்கா?"

"இல்ல சார். ஏசி ரூம். ஆனா அது வேற..."

"மெஷினே வாய்விட்டுக் கேக்குது. நீங்க குறுக்க பேசறீங்க."

கட்டடப் பிரிவுக்குக் கடிதம் போயிற்று. அவள் மூன்று குறிப்புகள் எழுதினாள். மூன்றும் "பார்த்தேன்" என்ற கையெழுத்துடன் திரும்பின. எட்டாம் நாள் சர்வர் அறைச் சுவரை இடித்து நாலடிக்கு மூன்றடியில் ஜன்னல் வைத்தார்கள். நாடா வெட்டி இயக்குநர் பேசினார்.

"வெளிப்படைத்தன்மைன்னு எல்லா அலுவலகமும் பேசுது. நாம செவுத்தையே உடைச்சிருக்கோம். உள்ள என்ன நடக்குதுன்னு இனிமே யார் வேணும்னாலும் எட்டிப் பாக்கலாம். என்ன நடக்குதுன்னு எனக்கே தெரியாது, ஆனா பாக்கலாம்."

கைதட்டினார்கள். தையல்கடை அக்கா ஒவ்வொரு நாளும் போல அன்றும் வந்து, கைதட்டும் கூட்டத்தின் ஓரத்தில் தம்பியின் படத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். இனிமேல் சரியாகிவிடும் என்று யாரோ சொன்னதால் அவரும் இரண்டு தட்டு தட்டினார்.

ஒப்பந்தத்துக்கு அதைப் பார்க்கச் சகிக்கவில்லை. அன்று சாயங்காலம் குறுக்கு வழி ஒன்று செய்து பார்த்தாள். சர்வரிலேயே 'விண்டோ' என்ற பெயரில் ஒரு வெற்றுப் பொம்மையைச் செய்து வைத்தாள். எடிட்டர் ஏமாந்து ஓரடி முன்னே வந்தது. வந்து, "டாக்குமெண்ட் என்று எதுவும் இல்லை" என்று மறுபடி விழுந்தது.

"பாத்தீங்களா!" என்றார் இயக்குநர். "ஜன்னல் வெச்சதும் அடுத்த கட்டத்துக்குப் போயிடுச்சு. இப்ப ஆவணம் கேக்குது. கேக்கறதுல என்ன தப்பு? அந்தம்மா என்னென்ன ஆவணம் கொடுத்தாங்க?"

"சார், அது பிரவுசர்ல திறக்கற பக்கத்தைச் சொல்லுது, இந்த ஆவணம் இல்ல."

"எந்த ஆவணமா இருந்தா என்ன? எல்லாத்தையும் வாங்குங்க."

அக்காவிடம் ஒரு பட்டியல் கொடுக்கப்பட்டது. தம்பி பிறந்ததற்குச் சான்று. தம்பி வீட்டில் இல்லை என்பதற்கு அக்கம்பக்கத்தார் இருவரின் சான்று. தொலைபேசி எண்ணின் கடைசி இலக்கம் ஒன்பதுதான் என்று அரசு அதிகாரி ஒருவரின் சான்று. கடைசியாக, காணாமற்போனவரின் ஒப்புதல் கையெழுத்து.

"அவன்தான சார் காணோம்?" என்றார் அக்கா.

முத்திரை பட்டியலை ஒருமுறை படித்தார். "அதனாலதான் அதை இப்ப கட்டாயமாக்கல. வந்ததும் கொடுத்தா போதும்."

அக்கா ஆறு நாள் கடையைச் சாத்திவிட்டு அலைந்தார். ஒன்பது ஒன்பதுதான் என்று எழுதித் தர எந்த அதிகாரியும் முன்வரவில்லை. அது தன் அதிகாரத்துக்கு உட்பட்ட எண் இல்லை என்றார் ஒருவர். கடைசியில் ஒரு பள்ளிக்கூடத்துக் கணக்கு வாத்தியார் எழுதிக் கொடுத்தார். கட்டு முழுவதிலும் முத்திரை குத்தி, ஸ்கேன் எடுத்து, சர்வருக்குள் போட்டார்கள். எடிட்டர் மறுபடி விழுந்தது.

அன்று மதியம் அக்கா ஒப்பந்தத்தின் மேசைக்குப் பக்கத்தில் வந்து நின்றார். குரல் தாழ்ந்திருந்தது.

"ஏம்மா, எனக்கு இந்த மெஷின் சமாசாரம் ஒண்ணும் புரியல. ஒரே ஒரு எண்ணு. நான் வேணா ஏணி போட்டு பஸ் ஸ்டாண்டு திரையில பெயிண்ட்ல எழுதிடவா?"

ஒப்பந்தம் கீபோர்டைப் பார்த்தாள். அந்த ஒரு வரியைப் போட்டுவிட விரல் துடித்தது. போட்டால் வேலை போகும். வீட்டில் அம்மாவுக்கு வாரம் மூன்று நாள் டயாலிசிஸ், ஊழியர் அட்டையைக் காட்டித்தான் இலவசமாக நடக்கிறது. அவள் கைகளைத் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டாள்.

இயக்குநரைக் குறை சொல்லக்கூடாது. அவரும் சும்மா இருக்கவில்லை. எழுத வேண்டிய தேவை இருப்பதை அவர் கொள்கையளவில் ஏற்றுக்கொண்டார். விதி ஏழும் மீறாமல், எழுத்தும் நடக்கும்படி ஒரு வழி கண்டுபிடித்தார். அதற்குப் பெயர் விசைக் கோரிக்கைப் படிவம். ஊழியர் தட்ட விரும்பும் ஒவ்வொரு விசைக்கும் ஒரு படிவம் எழுதித் தலைமையகத்துக்கு அனுப்ப வேண்டும். அங்கே அது ஆராயப்பட்டு, தகுதியுள்ள விசையைத் தலைமையகமே தட்டும்.

ஆறை ஒன்பதாக்க இரண்டு படிவம் போதும். அழிக்கும் விசைக்கு ஒன்று, ஒன்பதுக்கு ஒன்று. ஒப்பந்தம் நிரப்பினாள், முத்திரை குத்தினார், போயிற்று.

அழிப்புப் பிரிவு சுறுசுறுப்பான பிரிவு. மூன்றே நாளில் படிவத்தை ஏற்றுத் தட்டிவிட்டது. எழுத்துப் பிரிவு, "ஒன்பதுதான் வேண்டுமா, எட்டு போதாதா என்பதற்கு விளக்கம் தேவை" என்று எழுதித் திருப்பி அனுப்பியது.

இப்போது திரையில் தம்பியின் படத்துக்குக் கீழே ஒன்பது இலக்கத்தில் ஒரு தொலைபேசி எண் ஓடியது. தப்பு எண் என்றாவது ஒன்று இருந்தது. அதுவும் போயிற்று.

அந்த விஷயத்தைச் சொன்னபோது அக்கா அழவில்லை. "அப்படியா," என்றார். பிறகு, "இத்தன நாளா அந்தத் தப்பு நம்பருக்கு யாராவது பண்ணியிருப்பாங்களோ?" என்றார்.

ஒப்பந்தத்துக்கு யாரோ பொடனியில் அடித்த மாதிரி இருந்தது. இத்தனை நாளும் எண்ணைத் திருத்துவதிலேயே குறியாக இருந்தாளே தவிர, அந்த எண்ணுக்குப் பின்னால் ஓர் ஆள் இருப்பார் என்று தோன்றவில்லை. அங்கேயே அந்த எண்ணை அழுத்தினாள். ஒரு டயர்க்கடை.

"யாருங்க? காணாம போனவரா? ஐயோ சாமி, விடுங்க," என்றது குரல். "ஒரு மாசமா ராங் நம்பர் ராங் நம்பர்னு கத்தி தொண்டை போச்சு. மூணு நாளாத்தான் நிம்மதியா இருக்கேன்."

இருவரும் ஆட்டோ பிடித்துப் போனார்கள். டயர்க்கடைக்காரர் கையெல்லாம் கரியோடு பஞ்சர் ஒட்டிக்கொண்டிருந்தார். அக்கா தம்பியின் படத்தை நீட்டினார். அவர் பார்த்தார். கையைத் துணியில் துடைத்தார், மறுபடி துடைத்தார், பிறகு போனை எடுத்து அப்படியே ஒப்பந்தத்திடம் கொடுத்துவிட்டார்.

"வந்த நம்பரெல்லாம் அதுல இருக்கும். நீங்களே பாத்துக்குங்க தாயி."

கடை வாசலில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகக் கூப்பிட்டார்கள். பலர் டயருக்காகப் பேசியவர்கள். சிலர் மறந்துபோயிருந்தார்கள். நாற்பத்தோராவது எண் ஒரு பஸ் டிப்போ கேன்டீனில் பாத்திரம் கழுவுகிற அம்மாவுடையது.

"அவரா? ஒன்பது நாள் இங்கதான் இருந்தாரு. கையில ஒரு காகிதப் பொட்டலம், அதைக் கீழயே வைக்க மாட்டாரு. நான் ரெண்டு தடவ போன் பண்ணேன். ரெண்டு தடவயும் ராங் நம்பர்னு வெச்சிட்டாங்க. அப்புறம் போன வெள்ளிக்கிழம யாரோ ஒரு ஆளு, ஏன்யா கேட்டா பேச மாட்டியான்னு அதட்டிட்டான். பயந்துட்டாரு பாவம். வடக்க போற பஸ்ஸுல ஏறிட்டாரு."

"பொட்டலமா?" என்றார் அக்கா.

"பித்தான். ஒருநாள் பிரிச்சு எனக்குக் காட்டினாரு."

அக்கா அடுக்கியிருந்த டயர் ஒன்றின்மேல் உட்கார்ந்தார். டயர்க்கடைக்காரர், "நான் என்னம்மா பண்ணிட்டேன், நான் என்ன பண்ணிட்டேன்," என்று அதையே சொல்லிக்கொண்டு அங்குமிங்கும் நடந்தார். யாரும் அவரைத் திட்டவில்லை. அது அவருக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது.

ஒப்பந்தம் அக்காவோடு அலுவலகத்துக்குத் திரும்பியபோது மணி மூன்று. நேரே மேசைக்குப் போனாள். எழுதுபெட்டியைத் தனிக் கோப்பில் எடுத்து வைத்தாள். சர்வரில் இருக்கும்போது கண்ணைத் திறக்காதே, பிரவுசருக்குப் போன பிறகு திற என்று எடிட்டருக்குச் சொல்லும் சின்ன அமைப்பைச் செய்தாள். கோப்பின் தலையில் அந்த ஒரு வரியைத் தட்டினாள். எல்லாமாகப் பதினொரு நிமிடம் ஆயிற்று. முப்பத்தாறு நாள் காத்திருந்த பதினொரு நிமிடம்.

கவுண்டரில் முத்திரையின் திரையில் பெட்டி வெளுத்தது. உள்ளே கர்சர் துடித்தது. முத்திரை நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினார்.

"ஒப்பந்தம், இது என்ன பண்ணுது?"

"நீங்க தட்டறதுக்காகக் காத்துக்கிட்டிருக்கு சார்."

அவர் மாடிப் பக்கம் ஒருமுறை பார்த்தார். அக்காவை ஒருமுறை பார்த்தார். பிறகு ஒற்றை விரலால் ஒன்பதை அமுக்கினார். ஒன்பது வந்தது.

"இன்னொரு வரி போடலாமா?" என்றார் அக்கா. "பேச மாட்டான், அதட்டாதீங்கன்னு. கொஞ்சம் பெருசா, கண்ணுல படற மாதிரி."

முத்திரை எழுதினார். தடித்த எழுத்துப் பொத்தானை அமுக்கினார். அந்த இலாகாவில் அந்தப் பொத்தான் வேலை செய்தது அன்றுதான் முதல் தடவை. எழுத்து தடித்தது. அவர் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு மேசை இழுப்பறையைத் திறந்து, இத்தனை நாள் திருத்தக் கேட்டு வந்த மனுக்களின் கட்டை எடுத்துப் பிரித்தார். தப்பு வயது, தப்புத் தெரு, ஆணைப் பெண் என்று போட்டது. ஒன்றன்பின் ஒன்றாகத் தட்ட ஆரம்பித்தார். முத்திரைக் கட்டையைத் தொடவேயில்லை.

ஐந்தரை மணிக்கு அக்காவின் போன் அடித்தது. வடக்கே ஏதோ ஒரு ஊர் மரக்கடைக் காவல்காரர்.

"அம்மா, இங்க ஒருத்தர் இருக்காரு. நீங்க போட்ட படம் மாதிரிதான் தெரியுது. நாங்க அதட்டலம்மா. சாப்பாடு கொடுத்து உக்கார வெச்சிருக்கோம்."

அதற்குப் பிறகுதான் அக்கா அழுதார். கவுண்டர் கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுத அழுகையில் அலுவலகமே எழுந்து நின்றது. ஒப்பந்தம் போன் செய்ததும் டயர்க்கடைக்காரர் கடையைப் பூட்டிவிட்டு வேன் கொண்டுவந்தார். அக்காவை ஏற்றிக்கொண்டு தானே ஓட்டிப் போனார்.

விசாரணை திங்கட்கிழமை நடந்தது. இயக்குநர் கோபப்படவில்லை. வருத்தப்பட்டார்.

"ஆள் கிடைச்சிட்டாருன்றீங்க. சந்தோஷம். ஆனா ஆள் கிடைக்கறது பெரிசில்லம்மா, எப்படிக் கிடைச்சாருன்றதுதான் பெரிசு. முறையா தேடி கிடைக்காம போனா அதுக்கு ஒரு கோப்பு இருக்கும். முறையில்லாம கிடைச்சா அதை எந்தக் கோப்புல வைக்கறது? இந்தப் பதவியில பதினாறு வருஷம் இருக்கேன். ஒருத்தரைக்கூட முறை தவறிக் கண்டுபிடிச்சது கிடையாது."

முத்திரையிடம், முப்பத்தொரு அறிவிப்புகளை ஏன் திருத்தினார் என்று கேட்டார்கள்.

"அந்த ஆறு நான் போட்டது சார்," என்றார்.

கேட்ட கேள்விக்கு அது பதில் இல்லை என்று பதிவு செய்தார்கள். அவரைப் பழைய கோப்புகள் இருக்கும் கிடங்குக்கு மாற்றினார்கள். ஒப்பந்தத்தின் ஒப்பந்தம் முடிந்தது. ஊழியர் அட்டையை வாங்கிக்கொண்டார்கள். அம்மாவுக்கு இனி எங்கே என்று விசாரிக்க அவள் அன்று மத்தியானமே மூன்று ஆஸ்பத்திரிகளின் வரிசையில் நின்றாள். மூன்றாவதில், வாரம் ஒருநாள் பார்க்கிறோம் என்றார்கள். மூன்று நாள் தேவைப்படுகிற உடம்பு. சரி என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்தாள்.

அந்த ஒரு வரி நீக்கப்பட்டது. எழுதுபெட்டி மறுபடி படமாயிற்று. முறையற்ற திருத்தங்கள் அத்தனையும் ரத்தாகி, கடைசியாகத் தலைமையகம் அங்கீகரித்த நிலைக்கு எல்லா அறிவிப்புகளும் திரும்பின. தம்பியின் அறிவிப்பும்தான். படம், பெயர், ஒன்பது இலக்க எண். 'கிடைத்துவிட்டார்' என்று குறிக்க வேண்டுமானால் பெட்டியில் எழுத வேண்டும்.

தம்பி வீட்டில்தான் இருந்தார். பித்தானை அக்காவிடம் கொடுத்துவிட்டு, ஒரு வாரம் வாசலைத் தாண்டவில்லை. பிறகு மெல்ல வெளியே நடக்க ஆரம்பித்தார். ஊரில் பொறுப்புள்ளவர்கள் அதிகம். திரையில் பார்த்த முகத்தைத் தெருமுனையில் பார்த்ததும் பிடித்து நிறுத்தினார்கள். திரையில் இருந்த எண் போகவில்லை. எனவே காவல் நிலையத்தில் கொண்டுபோய் விட்டார்கள். ஏன் பேச மாட்டேன் என்கிறார் என்று அங்கே அதட்டினார்கள். ஒவ்வொரு முறையும் அவர் நடுங்கிக்கொண்டே வீடு வந்து சேர்ந்தார். ஒவ்வொரு முறையும் பதிவு அலுவலகத்தில் ஒரு மீட்புக் கணக்கு ஏறியது. அந்தக் காலாண்டில் மீட்பு விகிதம் இதுவரை காணாத உயரத்துக்குப் போனதற்காக இயக்குநருக்கு ஒரு கேடயம் கொடுத்தார்கள்.

நான்காவது முறை கொண்டுவந்து விட்டபோது ஒப்பந்தம் அங்கே இருந்தாள். வேலை போனதிலிருந்து அக்காவின் கடையில் காஜா எடுக்க வருகிறாள். இரண்டு காவலர்கள். ஒருவர் தம்பியின் முழங்கையைப் பிடித்திருந்தார், இன்னொருவர் படிவத்தை நீட்டினார். 'எங்கே கண்டெடுக்கப்பட்டார்' என்ற இடத்தில் அக்கா எழுதினார்: எங்கள் கடைக்கு எதிரே.

ஒப்பந்தம் எழுந்தாள். "சார், இவர் காணாமலே போகல. இங்கயேதான் இருக்கார். நீங்க பிடிச்ச இடத்துலேர்ந்து இந்த வாசல் இருபது அடிகூட இல்ல."

"அதெல்லாம் ஆபீஸ்ல பேசுங்கம்மா. எங்க பதிவுல காணோம்னுதான் இருக்கு."

அவள் மேலே ஏதோ சொல்ல வாயெடுத்தாள். அக்கா அவள் கையை அழுத்தினார். வாதாடினால் இன்னும் ஒரு மணி நேரம் தம்பி வாசலிலேயே நிற்க வேண்டும். அக்கா கையெழுத்துப் போட்டுத் தம்பியை உள்ளே அழைத்துப் போய் உட்காரவைத்தார். அவர் இரண்டு காதுகளையும் பொத்திக்கொண்டார்.

காவலர் படிவத்தை மடித்துப் பையில் வைத்தார். நல்ல மனிதர்தான். படியிறங்கப் போனவர் திரும்பி அக்கறையோடு சொன்னார்:

"கொஞ்சம் ஜாக்கிரதையா பாத்துக்குங்கம்மா. ஒவ்வொரு தடவையும் நாங்களே கண்டுபிடிச்சுக் கொடுப்போம்னு சொல்ல முடியாது."